புருவச் சாயமும் கண் மையும்: பெட்டியைப் பிரித்து விற்பவர் கவனத்துக்கு

அரிசி, எண்ணெய், மளிகை பற்றியெல்லாம் நம் இதழில் நிறையவே எழுதியாகிவிட்டது. பேன்சி சரக்கைப் பற்றி எழுத யாரும் முன்வருவதில்லை. மை, பொட்டு, குங்குமம், தலைச்சாயம் எல்லாம் சில்லறைச் சரக்குதானே, இதில் எழுத என்ன இருக்கிறது என்ற நினைப்பே காரணம். நாமும் வெகுகாலம் அந்த நினைப்பிலேயே வியாபாரம் செய்தவர்கள்தான்.

ஆரணி பட்டுக்குப் பெயர்போன ஊர். முகூர்த்தச் சேலை எடுக்க வரும் குடும்பம் சேலையை மட்டும் எடுத்துக்கொண்டு பஸ் ஏறுவதில்லை. வளையல், ரிப்பன், மை, ஸ்டிக்கர் பொட்டு, நகப்பூச்சு, மருதாணிக் கூம்பு என்று பட்டியலோடுதான் வரும். பட்டுக் கடையில் கூட்டம் நிறைந்தால் பேன்சி கடைக் கல்லாவும் நிறையும். ஆடியில் முகூர்த்தம் இல்லாவிட்டாலும் படவேடு ரேணுகாம்பாள் கோயிலுக்குப் போகிறவர்களால் மஞ்சள் குங்குமம் நகர்ந்துவிடும். தை பிறந்தால் பையன்களுக்குச் சோறு தின்ன நேரம் இராது. அப்படிப்பட்ட ஒரு தை மாதத்தில் நடந்ததைச் சொல்லித்தான் இதைத் தொடங்க வேண்டும்.

சில வருடங்களுக்கு முன்பு, கடை திறந்த கையோடு ஒரு நெசவாளர் வந்து நின்றார். வீட்டிலேயே இரண்டு தறி ஓட்டுகிறவர். நம்மோடு பல வருடப் பழக்கம். கூடவே மகள், துண்டால் முகத்தை மூடிக்கொண்டு. கல்யாணத்துக்கு மூன்று நாள்தான் பாக்கி.

"மொதலாளி, இதைக் கொஞ்சம் பாருங்க" என்று துண்டை விலக்கினார். இரண்டு இமையும் வீங்கி, கண் ஒரு கீற்றாகத்தான் தெரிந்தது. புருவத்தின் மேல் நீர் கோத்த சிறு கொப்புளங்கள். முந்தாநாள் நம் கடையில் வாங்கிய தலைச்சாயப் பாக்கெட்டைக் கரைத்து, புருவம் எடுப்பாக இருக்கட்டும் என்று பக்கத்து வீட்டுப் பெண் பூசிவிட்டிருக்கிறாள். அன்று ஒன்றும் ஆகவில்லை. மறுநாள் அரிப்பு, அதற்கு மறுநாள் இந்தக் கோலம்.

நாம் சொன்ன பதிலை இன்று எழுத வெட்கமாக இருக்கிறது. "இதே சரக்கை ஆயிரம் பேருக்கு வித்திருக்கோம், ஒருத்தர் வந்து ஒண்ணு சொன்னதில்ல. உடம்புச் சூடா இருக்கும், எண்ணெய் தேய்ச்சுக் குளிக்கச் சொல்லுங்க" என்றோம். மேலும் இரண்டு வார்த்தை கடுமையாகவும் சொன்னோம். அவர் "சரிங்க மொதலாளி" என்று மட்டும் சொல்லிவிட்டு மகளை வேலூருக்கு அழைத்துப் போனார்.

அங்கே தோல் டாக்டர் கேட்ட முதல் கேள்வி, "பூசின சரக்கோட அட்டை எங்கே, என்னென்ன சேர்த்திருக்காங்கன்னு பார்க்கணும்" என்பது. பாக்கெட் உறை குப்பைக்குப் போய்விட்டது. மாலையில் அவருடைய மைத்துனர் நம்மிடம் ஓடி வந்தார். நாம் என்ன செய்து வைத்திருந்தோம் தெரியுமா? மூன்று கம்பெனிப் பாக்கெட்டுகளைப் பெட்டியிலிருந்து பிரித்து ஒரே பிளாஸ்டிக் ஜாடியில் கொட்டி வைத்திருந்தோம். எதைக் கொடுத்தான் என்று பையனுக்கு நினைவில்லை. பெட்டியும் உள்ளிருந்த குறிப்புத் தாளும் பழைய பேப்பர்காரரிடம் போய் மாதமாகியிருந்தது. ஒருவேளைச் சில்லறை விற்பனையின் சௌகரியத்துக்காகச் செய்த காரியம் அது.

கல்யாணம் குறித்த நாளில் நடந்தது. போட்டோ எல்லாவற்றிலும் பெண் தலை குனிந்திருக்கிறாள். பார்த்தவர்கள் வெட்கம் என்று நினைத்திருப்பார்கள். நெசவாளர் இரண்டு வருடம் நம் கடைப் படி ஏறவில்லை. கணக்கில் இருந்த பாக்கியை மட்டும் ஆள் மூலம் அனுப்பித் தீர்த்துவிட்டார். அந்தப் பணத்தை வாங்கிக் கல்லாவில் போடும்போதுதான் நமக்கு உறைத்தது.

டாக்டர்களிடம் கேட்டும் சட்டப் புத்தகங்களைப் புரட்டியும் அதன்பிறகு தெரிந்துகொண்டதை இங்கே எழுதுகிறோம்.

முதலில், ஆயிரம் பேருக்கு ஆகாதது ஒருத்திக்கு ஏன் ஆனது? அலர்ஜி என்கிற ஒவ்வாமை விஷம் அன்று. விஷம் என்றால் அளவு கூடினால் எல்லோரையும் தாக்கும். ஒவ்வாமை ஆளைப் பார்த்துத்தான் வரும். ஒரு ரசாயனம் முதல் தடவை தோலில் படும்போது உடம்பு அதன் பெயரைக் குறித்துக்கொள்கிறது. கடன் சொல்லிவிட்டுப் போனவன் பெயரை நாம் பேரேட்டில் எழுதி வைக்கிறோம் அல்லவா, அதுபோல. அன்றைக்குச் சண்டை இல்லை. மறுபடி ஒரு நாள் அதே பொருள் வந்தால் பேரேட்டைப் புரட்டிப் பார்த்து உடம்பு சண்டைக்கு நிற்கிறது. பத்துத் தடவை பூசி ஒன்றும் ஆகாதவருக்குப் பதினொன்றாம் தடவை வரலாம். ஒரு முறை பதிந்துவிட்ட பெயர் பெரும்பாலும் அழிவதில்லை.

இன்னொன்று, அது உடனே வருவதில்லை. பூசிய ஒரு நாளிலிருந்து மூன்று நாளுக்குள் அரிப்பு, சிவப்பு, வீக்கம், நீர்க்கொப்புளம் என்று கிளம்பும். அதற்குள் அந்தப் பெண் மீன் குழம்பு சாப்பிட்டிருப்பாள், தலைக்குக் குளித்திருப்பாள், வெயிலில் போயிருப்பாள். பழி அவற்றின் மேல் விழும். இப்படித்தான் பலருக்கு உண்மைக் காரணம் தெரியாமலே போகிறது.

அதிலும் இமை ஒரு தனி இடம். உடம்பிலேயே மிக மெல்லிய தோல் அங்கேதான். அரை மில்லிமீட்டர் கனம்கூட அரிது. உள்ளங்கைத் தோல் சாக்கு என்றால் இமைத் தோல் நம் ஊர்ப் பட்டு. ஆகவே வேறு இடத்தில் பூசியதுகூட இமையில் வந்து வெடிக்கும். தலைக்குச் சாயம் பூசியவருக்குத் தலையில் ஒன்றும் இராது, இமையும் காதும் வீங்கும். நகப்பூச்சு போட்ட பெண்ணுக்கு விரல் நன்றாக இருக்கும், அந்த விரலால் தொட்ட இமை தடித்துச் சிவக்கும். நகப்பூச்சில் சேர்க்கும் ஒரு வகைப் பிசின் இதற்குப் பெயர்போனது. கண் மை, இமை வண்ணம் இவற்றில் கலக்கும் வாசனைப் பொருள், கெடாமல் இருக்கச் சேர்க்கும் மருந்து, நிறமிகளில் ஒட்டி வரும் நிக்கல், பொய் இமை ஒட்டும் பசை எல்லாமே ஆளைப் பொறுத்து ஒவ்வாமை தரக்கூடியவை.

எது காரணம் என்று கண்டுபிடிக்கத் தோல் டாக்டர்கள் பேட்ச் டெஸ்ட் என்ற ஒட்டுச் சோதனை செய்கிறார்கள். சந்தேகப் பொருட்களைச் சிறு வில்லைகளில் வைத்து முதுகில் ஒட்டி, இரண்டு நாள் கழித்து எடுத்துப் பார்த்து, மறுபடி ஓரிரு நாள் கழித்தும் பார்ப்பார்கள். எந்த இடம் சிவந்து தடிக்கிறதோ அதுதான் குற்றவாளி. என்ன பூசினோம் என்று தெரிந்தால் வேலை சுலபம். தெரியாவிட்டால் டாக்டரும் இருட்டில் துழாவ வேண்டியதுதான். அந்தப் பெண்ணுக்கும் கல்யாணத்துக்குப் பிறகு இந்தச் சோதனை செய்தார்கள். பாரா ஃபினைலீன் டையமின் என்ற ரசாயனம் என்று தெரிந்தது. சுருக்கமாகப் பி.பி.டி. என்பார்கள். கருப்புத் தலைச்சாயங்கள் பெரும்பாலானவற்றில் நிறம் பிடிக்க வைப்பது இதுவும் இதன் உறவுக்கார ரசாயனங்களும்தான். "கருப்பு மருதாணி", "அவசர மருதாணி" என்று வருகிற சில கூம்புகளிலும் இதைக் கலக்கிறார்கள். அசல் மருதாணி இலை கருப்பாகப் பிடிக்காது, செங்காவியாகத்தான் பிடிக்கும். அரை மணியில் கரி போலப் பிடிக்கிற கூம்பு வந்தால் அதில் வேறு ஏதோ இருக்கிறது என்று கொள்க. கருப்பு மருதாணியால் பெயர் பதிந்துவிட்ட பெண் பின்னாளில் தலைச்சாயம் பூசும்போது முகமே வீங்கிப் போவதுண்டு. இந்த ஒவ்வாமை வந்தவர்களில் சிலருக்குப் பாலியஸ்டர் துணிக்குப் போடும் சில சாயங்களும் ஒத்துக்கொள்ளாமல் போகின்றன.

இனி நம்மைத் தலைகுனிய வைத்த விஷயத்துக்கு வருகிறோம். பி.பி.டி. சேர்ந்த தலைச்சாயத்தை விற்பதானால் அதன் மேல் ஓர் எச்சரிக்கை இருந்தே தீர வேண்டும் என்பது நம் நாட்டு விதி. நெடுநாளாக உள்ள விதி. 2020ல் வந்த அழகுசாதனப் பொருட்கள் விதிகளிலும் அது தொடர்கிறது. அந்த எச்சரிக்கையின் சாரம்: இதில் உள்ள பொருட்கள் சிலருக்குத் தோல் எரிச்சல் தரலாம், ஆகவே முதலில் சோதித்துப் பார்க்க வேண்டும், இமை முடிக்கும் புருவத்துக்கும் இதைப் பூசக் கூடாது, பூசினால் கண் பார்வையே போகலாம். ஆங்கிலத்தில் மட்டுமல்ல, வட்டார மொழியிலும் இருக்க வேண்டும். சோதிக்கும் முறையையும் உள்ளே வைக்கும் தாளில் சொல்ல வேண்டும். காதின் பின்புறமோ முழங்கையின் உட்புறமோ சுத்தம் செய்து, சிறிது பூசிக் காயவிட்டு, 24 மணி நேரம் கழித்துக் கழுவிப் பார்க்க வேண்டும். அரிப்போ சிவப்போ இருந்தால் அந்தச் சாயம் அவருக்கு ஆகாது.

புருவத்துக்குப் பூசாதே, கண் போய்விடும் என்று பெட்டியிலேயே அச்சடித்து வருகிறது. நாம் அந்தப் பெட்டியைப் பிரித்துப் பழைய பேப்பருக்குப் போட்டுவிட்டு உள்ளிருந்ததை மட்டும் விற்றோம். எத்தனையோ வருடம் சாயம் விற்றும் அந்தத் தாளை ஒரு தடவைகூடப் படித்ததில்லை. படித்த உறுப்பினர்கள் யாராவது இருந்தால் நம்மைவிடக் கெட்டிக்காரர்கள்.

பார்வை போகும் என்பது பூச்சாண்டி அல்ல. அமெரிக்காவில் 1933ல் "லாஷ் லூர்" என்று ஒரு இமைச் சாயம் அழகு நிலையங்களில் ஓகோவென்று ஓடியது. அதில் இருந்தது இதே வகைச் சாயம்தான். ஒரு விருந்துக்குப் போவதற்காகப் புருவத்துக்கும் இமைக்கும் அதைப் பூசிக்கொண்ட பெண்மணிக்கு இரண்டு கண்ணும் போயின. வேறொரு பெண் உயிரையே விட்டாள். அப்போதிருந்த அமெரிக்கச் சட்டத்தில் அழகுசாதனப் பொருள் என்ற சொல்லே இல்லாததால் அரசாங்கத்தால் சரக்கைப் பறிமுதல் செய்ய முடியவில்லை. கண் போன அந்தப் பெண்மணியின் படங்களை ஊர் ஊராகக் காட்டித்தான் மக்களைக் கிளப்பினார்கள். 1938ல் புதுச் சட்டம் வந்தது. நம் நாட்டில் 1940ஆம் ஆண்டுச் சட்டம் முதலில் மருந்துகளுக்கு மட்டும் இருந்தது. 1962ல் திருத்தம் செய்தபோதுதான் அழகுசாதனங்களும் அதில் சேர்ந்தன.

பொட்டு, குங்குமம் பற்றியும் சொல்ல வேண்டும், ஏனென்றால் நம் கடைகளில் கண் மையைவிட அதிகம் போவது அவைதான். ஸ்டிக்கர் பொட்டின் பின்னால் உள்ள பசை சிலவற்றில் பாரா டெர்ஷியரி பியூட்டைல் ஃபீனால் என்ற ரசாயனம் இருப்பதுண்டு. தோலுக்கு நிறம் கொடுக்கும் செல்களையே அது கெடுத்துவிடும். பொட்டு வைத்த இடம் பொட்டு வடிவத்திலேயே வெளுத்துப் போகும். இது தொற்றுநோயும் அல்ல, குஷ்டமும் அல்ல, பரம்பரையும் அல்ல. ஆனால் கல்யாணத்துக்கு நிற்கும் பெண்ணின் நெற்றியில் வெள்ளைத் திட்டு விழுந்தால் ஊர் என்ன பேசும் என்று நாம் சொல்லத் தேவையில்லை. ஆரம்பத்திலேயே அந்தப் பொட்டை நிறுத்தினால் பலருக்கு நிறம் திரும்ப வாய்ப்புண்டு. அந்த இடத்தை மறைக்க இன்னும் பெரிய பொட்டாகக் கேட்டு வாங்குவார்கள். நம் கல்லாவில் நிற்கும் ஆள் கவனித்தால் தெரியும்.

குங்குமம் முன்பெல்லாம் மஞ்சளும் வெண்காரமும் எலுமிச்சைச் சாறும் சேர்த்துச் செய்தது. இப்போது மாவுப் பொருளில் சாயம் ஏற்றியதுதான் அதிகம். புதுச்சேரி ஜிப்மர் மருத்துவமனைத் தோல்நோய்த் துறையினர் குங்குமத்தால் தோல் பாதித்த 46 பேரைப் பற்றிய ஆய்வை 2007ல் வெளியிட்டார்கள். தென்னிந்தியாவில் அழகுசாதனங்களால் வரும் தோல் தொல்லைகளில் குங்குமத்தின் பங்கு பெரிது என்றும் கண்டிருக்கிறார்கள். வைத்த இடம் அரித்துக் கறுத்துப் போவதுண்டு. நெற்றியிலிருந்து உதிர்ந்த தூள் இமையில் பட்டால் அங்கேயும் வரும். இதற்குக் காரணமான சாயங்களில் அசோ வகை முக்கியமானது. அசோ என்ற சொல் சாயத்தோடு வாழும் நம் ஊர்க்காரர்களுக்குப் புதிதல்ல. 1997ல் மத்திய அரசு 70 அசோ சாயங்களைத் தடை செய்தபோது நெசவு ஊர்களில் அதுதான் பேச்சாக இருந்தது. சேலைக்கு எந்தச் சாயம் என்று அவ்வளவு விசாரித்த நாம் நெற்றிக்கு வைக்கும் தூளில் என்ன சாயம் என்று விசாரித்தோமா?

கண் மையைப் பொறுத்தவரை ஒவ்வாமையைவிடப் பெரிய ஆபத்து வேறு உண்டு, அது ஈயம். வீட்டில் விளக்கெண்ணெய் விளக்கின் புகையைத் தட்டில் பிடித்துக் குழைத்த மையில் அந்தத் தொல்லை இல்லை. சுர்மா என்று வரும் கண் தூள்கள் பலவற்றில் அரைத்திருப்பது ஈயமும் கந்தகமும் சேர்ந்த கல். கண்ணீரோடும், கண்ணைக் கசக்கிய கையை வாயில் வைக்கும்போதும் அது உள்ளே போகும். குழந்தைகளின் மூளை வளர்ச்சியைக் கெடுக்கும். 2011ல் அமெரிக்காவின் பாஸ்டன் நகரில் ஆறு மாதக் குழந்தைக்கு ரத்தத்தில் ஈயம் ஏறியிருப்பதைக் கண்டு விசாரித்தபோது, நைஜீரியாவிலிருந்து வந்த டிரோ என்ற கண் மை காரணம் என்று தெரிந்தது. அந்த மையில் எடைக்கு 80 சதவீதத்துக்கு மேல் ஈயம். நம் விதிப்படி அழகுசாதனத்தில் சேரும் நிறமியில் ஈயம் பத்து லட்சத்தில் 20 பங்குக்கு மேல் இருக்கக் கூடாது. பேர் ஊர் இல்லாமல் வரும் மைச் சிமிழில் யார் அளந்தார்கள்? பச்சைக் குழந்தைக்கு மை வைக்க வேண்டாம் என்றே குழந்தை டாக்டர்கள் சொல்கிறார்கள். இதைக் கடையில் சொன்னால் பாட்டிமார்கள் நம்மைத்தான் முறைக்கிறார்கள்.

நிற்க. இப்போது புதிதாக ஒன்று வந்திருக்கிறது. நிரந்தரப் புருவம் என்கிறார்கள். ஊசியாலோ சிறு கத்தியாலோ தோலைக் கீறி உள்ளே நிறத்தை இறக்குவது. மைக்ரோபிளேடிங் என்று பெயர். நம் பாட்டிமார் காலத்தில் வீட்டு வாசலுக்கு வந்து பச்சை குத்திவிட்டு அரிசியும் காசும் வாங்கிப் போனார்களே, அதே வேலையின் பணக்காரப் பதிப்பு. பெரிய நகரங்களோடு நிற்காமல் நம் பக்கத்து ஊர்களுக்கும் வந்தாகிவிட்டது. அந்த நிற பாட்டில்களை நம் போன்றவர்கள் ஸ்டாக் வைக்க வேண்டும் என்று ஓர் ஏஜெண்டு நம் கடைக்கே வந்தார். லாபம் நல்ல லாபம்தான். பாட்டிலில் கம்பெனி முகவரி உண்டா என்று திருப்பிப் பார்த்தோம். ஆங்கிலத்தில் ஒரு பெயர், ஒரு நம்பர், அவ்வளவுதான். திருப்பிக் கொடுத்துவிட்டோம்.

மையோ சாயமோ ஒத்துக்கொள்ளாவிட்டால் கழுவலாம், கத்தரிக்கலாம், முடி வளர்ந்தால் போய்விடும். இதைக் கழுவ முடியாது. ஒவ்வாத பொருள் தோலுக்கு உள்ளேயே குடியிருக்கும். குத்தி மாதங்கள், சில சமயம் வருடங்கள் கழித்துக்கூடத் தடித்துக் கட்டி கட்டியாக வரும். சிவப்புச் சாயல் நிறங்களால்தான் இது அதிகம். லேசர் வைத்து எடுக்கலாம் என்று சொல்வார்கள். லேசர் நிறத்தை உடைத்துச் சிதறடிக்கும்போது ஒவ்வாமை கூடுவதும் உண்டு. புருவத்துக்குக் குத்தும் பழுப்பு நிறங்களில் இரும்பு ஆக்சைடு இருப்பதால் லேசர் பட்டதும் கன்னங்கரேலென்று மாறிவிடுவதும் உண்டு. அமெரிக்காவில் 2003, 2004ஆம் ஆண்டுகளில் ஒரே கம்பெனியின் நிரந்தர அலங்கார நிறங்களால் வீக்கம், வெடிப்பு, கொப்புளம், தழும்பு என்று 150க்கும் மேற்பட்ட புகார்கள் அரசிடம் குவிந்தன. கண்ணோரத்திலும் உதட்டிலும் குத்திக்கொண்டவர்கள். சிலருக்குச் சாப்பிடுவதும் பேசுவதுமே சிரமமாகிவிட்டது. ஐரோப்பிய ஒன்றியம் 2022 ஜனவரி முதல் பச்சை குத்தும் நிறங்களிலும் நிரந்தர அலங்கார நிறங்களிலும் ஆயிரக்கணக்கான ரசாயனங்களுக்குத் தடையும் கட்டுப்பாடும் விதித்தது. அங்கே விற்க முடியாத சரக்கு எந்தப் பக்கம் வரும் என்பதை வியாபாரிகளுக்கு நாம் விளக்க வேண்டியதில்லை.

இனி நம் தலைக்கு வரும் விஷயம். நாம் வக்கீல் அல்ல. ஆனாலும் வியாபாரிக்குத் தெரிந்திருக்க வேண்டியதைச் சொல்கிறோம்.

அழகுசாதனம் தயாரிக்கத்தான் லைசென்ஸ் வேண்டும், வெளிநாட்டிலிருந்து இறக்கினால் பதிவு வேண்டும். விற்க லைசென்ஸ் தேவையில்லை. லைசென்ஸ் இல்லாததால் பொறுப்பும் இல்லை என்று நம்மில் பலர் நினைத்துக்கொண்டிருக்கிறோம். சட்டம் அப்படிச் சொல்லவில்லை. போலிச் சரக்கு, உடம்புக்குக் கெடுதலான பொருள் கலந்த சரக்கு இவற்றை விற்றவருக்கும் 2008ல் வந்த திருத்தத்தின்படி 3 வருடம் வரை சிறையும், 50,000 ரூபாய் அல்லது பிடிபட்ட சரக்கின் மதிப்பைப் போல் மூன்று மடங்கு, இதில் எது அதிகமோ அதற்குக் குறையாத அபராதமும் உண்டு. மருந்து ஆய்வாளர் வந்து யாரிடம் வாங்கினாய் என்று கேட்டால் பெயரும் முகவரியும் சொல்லியாக வேண்டும். நமக்குப் பாதுகாப்பும் அதே சட்டத்தில் இருக்கிறது. லைசென்ஸ் உள்ள தயாரிப்பாளரிடமோ முறையான வியாபாரியிடமோ வாங்கினோம், குற்றம் இருப்பது தகுந்த கவனத்தோடு பார்த்தும் தெரிந்திருக்க வழியில்லை, வாங்கியது வாங்கியபடியே முறையாக வைத்திருந்தோம் என்று நிரூபித்தால் நாம் தப்பலாம். பெட்டியைப் பிரித்து ஜாடியில் கொட்டிவிட்டு "வாங்கியபடியே வைத்திருந்தோம்" என்று எப்படிச் சொல்வது?

பில் விஷயம் இதைவிடச் சங்கடம். 2017ல் ஜி.எஸ்.டி. வந்தபோது குங்குமம், பொட்டு, பென்சில் அல்லாத கண் மை இவற்றுக்கு வரி இல்லை என்று வைத்தார்கள். நல்ல காரியம். ஆனால் வரி இல்லாத சரக்குக்குப் பில் எதற்கு என்று சௌகார்பேட்டையில் துண்டுச் சீட்டு எழுதித் தருகிறார்கள், நாமும் மடித்துப் பையில் போட்டுக்கொண்டு வருகிறோம். நாளை நம்மைக் காப்பாற்ற வேண்டிய ஒரே சாட்சி அந்தப் பில்தான். எவ்வளவு நேரமானாலும் நின்று வாங்குங்கள்.

2020 ஜூலை முதல் நடைமுறைக்கு வந்த நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம், 2019 இன்னும் ஒரு படி மேலே போகிறது. தயாரித்தவர் யார் என்று தெரியாத சரக்கால் தீங்கு வந்தால் விற்றவர் பொறுப்பு. தயாரிப்பாளர் கொடுத்த எச்சரிக்கையையும் உபயோகிக்கும் முறையையும் வாங்குபவருக்குச் சேர்ப்பிக்காமல் விட்டு, அதனால் தீங்கு வந்தாலும் விற்றவர் பொறுப்பு. பிரிவு 86ல் இருக்கிறது. அன்று நாம் பழைய பேப்பருக்குப் போட்ட தாளை இந்த வரியோடு சேர்த்துப் படித்துப் பாருங்கள். அந்த நெசவாளர் கோர்ட்டுக்குப் போகிறவர் அல்ல. போகிறவர்களும் இருக்கிறார்கள்.

நம் கடையில் இப்போது என்ன செய்கிறோம் என்பதையும் சொல்லிவிடுகிறோம். ஜாடி போய்விட்டது. பாக்கெட் சாயம் கேட்டால் பெட்டியிலிருந்து எடுத்துக் கொடுக்கிறோம், ஒவ்வொரு கம்பெனிக்கும் தனிப் பெட்டி. ஒற்றைப் பாக்கெட் வாங்குகிறவருக்குத் தாளின் ஜெராக்ஸ் ஒன்று, பத்துக் காகிதத்துக்கு ஆகிற காசு பெரிய காசல்ல. "புருவத்துக்கும் மீசைக்கும் போடாதீங்க, முதல்ல காதுக்குப் பின்னால போட்டுப் பாருங்க" என்று பையன்கள் வாயால் சொல்ல வேண்டும். மீசை விதியில் இல்லை, நாமாகச் சேர்த்தது, உதடும் மூக்கும் பக்கத்தில் இருப்பதால். சரக்கு இறங்கும்போது தயாரிப்பாளர் பெயர், முகவரி, லைசென்ஸ் எண், பேட்ச் எண், காலாவதி மாதம், சேர்மானப் பட்டியல் இவை இல்லாதது திரும்பிப் போகும். இறக்குமதிச் சரக்கானால் இறக்கியவர் பெயரும் பதிவு எண்ணும் பார்க்கிறோம். ருசி பார்க்கிற மாதிரி கண் மை, உதட்டுச் சாயத்தைத் திறந்து வைத்து எல்லோரையும் பூசிப் பார்க்க விடுவதை நிறுத்திவிட்டோம். ஒருவர் கண்ணிலிருந்து இன்னொருவர் கண்ணுக்குத் தொற்று போக அது போதும்.

புகாரோடு யாராவது வந்தால் வாதம் செய்வதில்லை. கழுவி நிறுத்தச் சொல்கிறோம், தானாகக் களிம்பு வாங்கி இமையில் தடவ வேண்டாம் என்கிறோம், தோல் டாக்டரிடம் அனுப்புகிறோம், கண்ணே சிவந்திருந்தாலோ பார்வை மங்கினாலோ அன்றைக்கே கண் டாக்டரிடம். மூச்சுத் திணறலோ நாக்கு வீக்கமோ என்றால் ஒரு நிமிடமும் தாமதிக்காமல் ஆஸ்பத்திரிக்கு. அதே பேட்ச் பெட்டி ஒன்றை அவர்கள் கையில் கொடுத்து அனுப்பி, எண்ணை ஒரு நோட்டில் எழுதிக்கொள்கிறோம். வாங்கியவர் விரும்பினால் கட்டணம் கட்டி அரசுப் பகுப்பாய்வாளரிடம் சரக்கைச் சோதிக்கக் கொடுக்கவும் சட்டத்தில் வழி உண்டு. இதையும் மறைக்காமல் சொல்கிறோம். சொன்னதால் நமக்கு ஒன்றும் குறையவில்லை.

நெசவாளர் மூன்றாம் வருடம் தீபாவளிக்கு முன்பு கடைக்கு வந்தார். நாம் எழுந்து போய் அவரிடம் பேசினோம். என்ன பேசினோம் என்பது இங்கே வேண்டாம். பேத்திக்கு வளையல் வாங்கிக்கொண்டு போனார். போன மாதம் போளூர் பக்கத்துச் சில்லறைக் கடைக்காரர் ஒருவர் வந்து, பெட்டி இடத்தை அடைக்கிறது, சாயப் பாக்கெட்டை மட்டும் எண்ணிக் கொடுங்கள், பெட்டிக்கு இவ்வளவு கழித்துக்கொள்ளுங்கள் என்று கேட்டார். பெட்டியோடு என்றால் தருகிறோம் என்றோம். எதிர்க்கடையில் கிடைக்கும் என்று சொல்லிவிட்டுப் போனார். அங்கே கிடைத்திருக்கும்.